அம்மா வேடக்காரர்களின் கணக்கு யாரிடம் இருக்கிறது? நடிகர் சங்கத்துக்கு ஒரு திறந்த மடல்

தென்னிந்திய நடிகர் சங்கத்தின் தலைவர், பொதுச் செயலாளர், பொருளாளர், செயற்குழு உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

அம்மாவாகவும் பாட்டியாகவும் நடித்தே காலம் கழித்த எஸ்.என். லட்சுமி அம்மாள் மொத்தம் எத்தனை படங்களில் நடித்தார் என்று உங்களால் சொல்ல முடியுமா? அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் 1,500 படங்களுக்கு மேல் என்கிறார்கள். நாடகங்கள் 6,000 என்கிறார்கள். சரி, அந்த 1,500 படங்களின் பட்டியல் எங்கே? தேடிப் பார்த்தால் கிடைக்கிற பட்டியல்கள் அதில் ஒரு சிறு பகுதியோடு நின்றுவிடுகின்றன. மீதிப் படங்களில் அவர் யாருக்கு அம்மா, யாருக்குப் பாட்டி, எந்தக் காட்சியில் வந்தார் என்பதை எங்கே போய்ப் பார்ப்பது?

1964இல் 'சர்வர் சுந்தரம்' வந்தது. நாகேஷின் தாயாக லட்சுமி அம்மாளைத் தமிழ்நாடு அடையாளம் கண்டுகொண்ட படம் அது. அதே வருடம் சிவாஜி கணேசனுக்கு 'நவராத்திரி' வந்தது. அது சிவாஜியின் நூறாவது படம் என்பது அன்றைக்கும் எல்லோருக்கும் தெரியும், இன்றைக்கும் தெரியும். எம்.ஜி.ஆருக்கு நூறாவது 'ஒளிவிளக்கு', கமலுக்கு 'ராஜபார்வை', ரஜினிக்கு 'ஸ்ரீராகவேந்திரர்'. ரசிகரைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வார். லட்சுமி அம்மாளின் நூறாவது படம் எது? ஐந்நூறாவது எது? அப்படி ஒன்று எப்போது வந்து போனது என்று அவருக்கே தெரிந்திருக்குமா என்பது சந்தேகம்தான். அவருக்குக் கட் அவுட் வைத்திருக்க வேண்டும் என்று நான் சொல்லவில்லை. எண்ணிக்கையாவது சரியாக இருந்திருக்க வேண்டும் என்கிறேன்.

நான் சினிமாக்காரன் இல்லை. பழைய படங்களைப் பார்க்கும்போது பெயர் அட்டை ஓடுகிற இடத்தில் நிறுத்தி நிறுத்தித் துணை நடிகர்களின் பெயர்களைக் குறித்துவைக்கிற பழக்கம் உள்ள ஒரு பார்வையாளன். அந்தப் பழக்கத்தால்தான் இந்தக் கடிதத்தை எழுத வேண்டியிருக்கிறது. பெயர் அட்டையில் கதாநாயகனுக்கு முழுத் திரை. அடுத்து கதாநாயகி, வில்லன், நகைச்சுவை நடிகர். அப்புறம் ஒரே அட்டையில் பத்துப் பதினைந்து பெயர்கள், பொடி எழுத்தில், வாசித்து முடிப்பதற்குள் போய்விடும். அதிலும் இடம் கிடைக்காதவர்களுக்கு 'மற்றும் பலர்'. ஒரு பெண் அம்மாவாக நடித்துக் கண்கலங்க வைத்திருப்பார், பெயர் தேடினால் அந்த 'பலர்' என்ற சொல்லுக்குள் போய்ச் சேர்ந்திருப்பார்.

லட்சுமி அம்மாளின் வாழ்க்கையையே எடுத்துக்கொள்ளுங்கள். விருதுநகர் பக்கத்தில் சென்னல்குடி என்ற ஊரில் 1927இல் பிறந்தவர். சிறு பெண்ணாகவே நாடகத்துக்கு வந்துவிட்டார். ஜெமினியில் நடனக் குழுவில் இருந்தபோது, 1948இல் வந்த 'சந்திரலேகா'வின் முரசு நடனத்தில் ஆடியவர்களில் அவரும் ஒருவர். அந்த நடனத்தைப் பார்க்காத தமிழர் அந்தத் தலைமுறையில் குறைவு. அத்தனை பெரிய முரசுகள், அவற்றின் மேல் வரிசை வரிசையாகப் பெண்கள். அதில் லட்சுமி எங்கே நிற்கிறார்? இன்றைக்கு விரல் வைத்துக் காட்ட ஆள் இல்லை. அவர் உயிரோடு இருந்தபோது அந்தப் படத்தைப் போட்டுக் காட்டி ஒருவர் கேட்டிருந்தால் போதும், ஐந்து நிமிடத்தில் சொல்லியிருப்பார். பக்கத்தில் ஆடியவர்களின் பெயர்களையும் சேர்த்தே சொல்லியிருப்பார்.

என்.எஸ். கிருஷ்ணன் நாடகக் குழு, எஸ்.வி. சகஸ்ரநாமத்தின் சேவா ஸ்டேஜ் என்று மேடையிலேயே பல வருடங்கள் கழித்தவர் அவர். நாடகத்தில் நடித்தவர்களுக்கு வசனம் மனப்பாடம், குரல் கடைசி பெஞ்சு வரை போகும், கூட நடிப்பவர் வரியை மறந்தால் அதையும் சமாளித்து எடுத்துக் கொடுப்பார்கள். இந்தப் பயிற்சியோடு சினிமாவுக்கு வந்தார். சர்வர் சுந்தரத்தில் நாகேஷுக்கு அம்மாவாக நின்றபோது அவருக்கு வயது 37. நாகேஷுக்கு 31. ஆறு வயது மூத்த அம்மா! படம் பார்க்கும்போது ஒரு நொடிகூட நமக்கு அது உறுத்தவில்லை. மகன் பெரிய நடிகனாகி, கடைசி நேரத்தில் தாயின் பக்கத்தில் இருக்க முடியாமல் போகிறபோது தியேட்டரே அழுதது.

இதுதான் இந்தப் பெண்களின் தொழில் திறமை. இதைப் பற்றி ஏனோ யாரும் சரியாக எழுதவே இல்லை. கதாநாயகன் முப்பது வருடம் கல்லூரி மாணவனாக நடிக்கலாம். குணச்சித்திர நடிகைக்கு முப்பது வயதிலேயே முடியில் வெள்ளை பூசிவிடுவார்கள். காந்திமதி 1945இல் மானாமதுரையில் பிறந்தவர். 1977இல் '16 வயதினிலே' படத்தில் மயிலுக்கு அம்மா குருவம்மாளாக நடித்தபோது அவருக்கு 32 வயதுகூட நிரம்பியிருந்திருக்காது. வடிவுக்கரசி 'கன்னிப் பருவத்திலே'யில் கதாநாயகியாக வந்தார். ஆறு வருடம் கழித்து 1985இல் 'முதல் மரியாதை'யில், தன்னைவிட ஏறக்குறைய முப்பது வயது மூத்த சிவாஜிக்கு மனைவி பொன்னாத்தா. அந்தப் பொன்னாத்தாவின் வசவைக் கேட்டுவிட்டு, இவர் இன்னும் முப்பதைத் தொடாத பெண் என்று யாராவது சொல்லியிருப்பார்களா? பன்னிரண்டு வருடம் கழித்து 'அருணாச்சல'த்தில் ரஜினிக்குப் பாட்டி. முதுகு வளைந்து, முகம் சுருங்கி, பேரனைக் கண்டாலே எரிந்து விழுகிற வேதவல்லி. நிஜத்தில் ரஜினியைவிட வயதில் இளையவர்.

பண்டரிபாயின் கணக்கு இன்னும் வேடிக்கையானது, வேதனையானதும்கூட. 1952இல் 'பராசக்தி'யில் சிவாஜிக்கு ஜோடி. 1973இல் 'கௌரவ'த்தில் சிவாஜிக்கு இரட்டை வேடம், பாரிஸ்டருக்கு மனைவியாகவும், வளர்ந்த பிள்ளை கண்ணனுக்கு வளர்த்த தாயாகவும் ஒரே படத்தில் பண்டரிபாய். 1992இல் 'மன்ன'னில் ரஜினி தூக்கிச் சுமக்கிற நோயாளித் தாய். நாற்பது வருடத்தில் ஒரு பெண்ணைத் தமிழ் சினிமா காதலியிலிருந்து தாயாக எப்படி நகர்த்திக்கொண்டே போனது என்பதற்கு இதைவிட நேரான சான்று வேண்டாம். 'மன்ன'னில் வருகிற அந்தத் தாய் பாடலை இன்றைக்கும் அன்னையர் தினத்துக்கு வாட்ஸ்அப்பில் அனுப்புகிறோம். அந்த அம்மாவின் பெயரைக் கேட்டால் இளைஞர்களில் எத்தனை பேர் சொல்வார்கள்?

மீண்டும் லட்சுமி அம்மாளுக்கு வருகிறேன். அவருடைய கடைசி இருபது வருடங்களில் கமல்ஹாசன் படங்கள்தான் அவரைப் புதிய தலைமுறையிடம் கொண்டுபோய்ச் சேர்த்தன. 1990இல் 'மைக்கேல் மதன காமராஜன்'. அதில் அவர் கைக்குக் கிடைத்ததை எல்லாம் சுருட்டுகிற பாட்டி. அக்கிரகாரத்துப் பேச்சு, இடுப்பில் எதையோ செருகிக்கொண்டு ஒன்றும் தெரியாத முகம். 1994இல் 'மகாநதி'. மருமகன் ஜெயிலுக்குப் போய்விட, பேரக் குழந்தைகளைக் கையில் வைத்துக்கொண்டு தவிக்கிற மாமியார். 2004இல் 'விருமாண்டி'. மதுரைப் பக்கத்துக் கிராமத்தில் முரட்டுப் பேரனை வளர்த்த கிழவி. மூன்றையும் அடுத்தடுத்துப் போட்டுக் கண்ணை மூடிக்கொண்டு குரலை மட்டும் கேட்டுப் பாருங்கள். மூன்று பேச்சு, மூன்று சாதி, மூன்று ஊர், மூன்று விதமான மூச்சு. விருமாண்டியின் பேச்சு அவருடைய சொந்த மண்ணுக்குப் பக்கத்துப் பேச்சு, அது எளிதாக வந்திருக்கும். அந்த அக்கிரகாரப் பேச்சை எங்கே கற்றார்? சகஸ்ரநாமத்தின் ஒத்திகைகளிலா, கூட நடித்தவர்களிடமிருந்தா, அக்கம்பக்கத்து வீடுகளில் காது கொடுத்துக் கேட்டா? தமிழ் நடிப்பைப் பற்றிப் படிக்கிற எவருக்கும் இது பொன்னான கேள்வி. பதில் சொல்லக்கூடிய ஒரே ஆள் 2012 பிப்ரவரி 20ஆம் தேதி போய்விட்டார்.

மனோரமா ஆச்சி ஒருவருக்குத்தான் கணக்கு இருந்தது. 1958இல் 'மாலையிட்ட மங்கை'யில் தொடங்கி, 1985இல் ஆயிரம் படங்கள் என்று கின்னஸில் ஏறினார். பத்மஸ்ரீ வந்தது, தேசிய விருது வந்தது. அதில் நம் எல்லோருக்கும் பெருமை. ஆனால் ஆச்சிக்குக் கணக்கு இருந்ததால் மற்றவர்களுக்கும் இருக்கும் என்று நாம் சும்மா இருந்துவிட்டோம். பக்கத்திலேயே அதே செட்டில், அதே வெயிலில் நின்ற பெண்களை மறந்தோம். சுகுமாரியைப் பாருங்கள். நாகர்கோவிலில் பிறந்து, பத்து வயதுக் குழந்தையாகத் தமிழ்ப் படத்தில் முகம் காட்டி, சோவின் நாடகங்களில் மேடையேறி, மலையாளத்திலும் தமிழிலும் அறுபது வருடம் உழைத்தவர். 'நம்ம கிராம'த்துக்காகத் தேசிய விருது வந்தபோது வயது எழுபது. அடுத்த இரண்டே வருடத்தில் காலமாகிவிட்டார்.

மாநில விருதுகளும் இந்த விஷயத்தில் ஆறுதல் தரவில்லை. 2009 முதல் 2014 வரைக்குமான தமிழக அரசு விருதுகளைக் கையில் கொடுத்தது 2022 செப்டம்பரில். இளம் நடிகருக்கு அது தாமதம், அவ்வளவுதான். எழுபது எண்பது வயதில் நடிக்கிற பெண்மணிக்கு அது வேறு கணக்கு.

சினிமாவுக்காவது படப் பிரதி இருக்கிறது, பாட்டுப் புத்தகம் இருக்கிறது, சுவரொட்டி இருக்கிறது. பிலிம் நியூஸ் ஆனந்தன் என்ற ஒரு மனிதர் தன் வாழ்நாள் முழுவதையும் கொடுத்து ஒவ்வொரு படத்தின் விவரத்தையும் சேகரித்தார். அவர் 2016இல் மறைந்தார். அவர் இல்லையென்றால் பழைய படங்களைப் பற்றி நாம் சொல்லிக்கொள்வதில் பாதிக்கு ஆதாரமே இருந்திருக்காது. தொலைக்காட்சிக்கு ஓர் ஆனந்தன் கிடைக்கவில்லை. என் பெரிய கவலையே அங்கேதான்.

சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15 அன்று தொடங்கியது. செவ்வாய்க்கிழமை நாடகத்துக்காகத் தெருவே ஒரு வீட்டில் கூடி உட்கார்ந்த காலம் உங்களில் மூத்தவர்களுக்கு நினைவிருக்கும். மேடையிலிருந்து வந்த எத்தனையோ பெண்கள் அந்த நாடகங்களில் நடித்தார்கள். அந்தக் காலத்தில் ஒளிநாடா விலை அதிகம். ஒளிபரப்பு முடிந்ததும் அதே நாடாவில் வேறொன்றைப் பதிவது உலகம் முழுக்கத் தொலைக்காட்சி நிலையங்களில் இருந்த வழக்கம். அப்படி எத்தனை அம்மாக்களும் அத்தைகளும் அழிந்து போயிருப்பார்களோ.

1993இல் சன் டிவி வந்தது, மற்ற சேனல்களும் வந்தன. சினிமாவில் வேடம் குறைந்துகொண்டே வந்த நடிகைகளுக்குச் சீரியல் இரண்டாவது வாழ்வு கொடுத்தது, உண்மைதான். லட்சுமி அம்மாளும் கடைசி வரை தொடர்களில் நடித்தார். ஆனால் அந்த வேலை எப்படி நடக்கிறது என்பது உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. சாலிகிராமம், வளசரவாக்கம் பக்கம் ஒரு ஷூட்டிங் வீடு. காலையில் ஆரம்பித்தால் இரவு வரை. ஒரே நாளில் பல எபிசோடுகளுக்கான காட்சிகள், அடுத்தடுத்துப் புடவை மாற்றிப் புடவை மாற்றி எடுப்பார்கள். வசனத் தாள் அன்றைக்குத்தான் கைக்கு வரும். பல செட்களில் கேமராவுக்குப் பின்னால் நின்று உதவி இயக்குநர் வரி வரியாகச் சத்தமாகச் சொல்லிக் கொடுப்பார், ப்ராம்ப்டிங். நடிப்பவர் அதைக் காதில் வாங்கி, முகத்தில் உணர்ச்சியை விடாமல் திருப்பிச் சொல்ல வேண்டும். அப்புறம் டப்பிங்கில் பல சமயம் வேறொருவர் குரல் கொடுத்துவிடுவார். மேடையில் ஆயிரக்கணக்கான முறை மனப்பாடமாகப் பேசிய ஒரு பெண், எழுபது வயதில் இந்த முறைக்குப் பழகிக்கொண்டு, அதிலும் தன் முத்திரையைப் பதிக்கிறார் என்றால் அது எவ்வளவு பெரிய விஷயம்! நாம் அதைச் 'சீரியல் நடிப்பு' என்று ஒரே சொல்லில் தள்ளிவிடுகிறோம்.

அளவையும் யோசித்துப் பாருங்கள். வடிவுக்கரசி நடித்த 'திருமதி செல்வம்' ஆயிரம் எபிசோடுகளைத் தாண்டிய தொடர். எபிசோடுக்கு இருபது நிமிடம் என்று வைத்தாலும் ஆயிரம் எபிசோடு முந்நூறு மணி நேரத்துக்கு மேல். நூறு முழு நீளப் படங்களைவிட அதிகம். ஒரு தொடரே இப்படி என்றால், இருபது முப்பது தொடர்களில் வந்துபோன நடிகை எத்தனை மணி நேரம் நம் வீட்டுக் கூடத்தில் இருந்திருக்கிறார்? அதற்கு ஏதாவது பதிவு உண்டா? தொடரின் தொடக்கத்தில் பெயர் ஓடும், பாதி சேனல்களில் மறு ஒளிபரப்பில் அதையும் வெட்டிவிடுகிறார்கள்.

இதை ஏன் அரசுக்கு எழுதாமல் உங்களுக்கு எழுதுகிறேன் என்று கேட்கலாம். 1952இலிருந்து நடிகர்களுக்காக இருக்கிற அமைப்பு உங்களுடையது. உறுப்பினர் அட்டை உங்களிடம் இருக்கிறது, முகவரி இருக்கிறது, மூத்த கலைஞர்களுக்கு மாதா மாதம் உதவித்தொகை அனுப்புகிறவர்களும் நீங்கள்தான். யார் எங்கே இருக்கிறார், யாருக்கு உடம்பு முடியவில்லை என்பது உங்கள் அலுவலகத்துக்குத் தெரிகிற அளவுக்கு எந்தப் பல்கலைக்கழகத்துக்கும் தெரியாது. கடனில் மூழ்கிக் கிடந்த சங்கத்தை விஜயகாந்த் காலத்தில் மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் கலைநிகழ்ச்சி நடத்தி மீட்டெடுத்தவர்கள் நீங்கள். நினைத்தால் உங்களால் முடியும்.

நான் கேட்பது பணம் நிறையச் செலவாகும் காரியம் இல்லை. உங்கள் உறுப்பினர் பட்டியலில் எழுபது வயதைத் தாண்டிய நடிகைகளை முதலில் எடுங்கள். ஒவ்வொருவர் வீட்டுக்கும் இரண்டு பேரை அனுப்புங்கள், ஒரு நல்ல ஒலிப்பதிவுக் கருவியோடு. யூடியூப்பில் வருகிற பேட்டி மாதிரி வேண்டாம். அங்கே 'எம்.ஜி.ஆர் எப்படிப் பழகுவார், சிவாஜி என்ன சாப்பிடுவார்' என்று கேட்டே நேரத்தை ஓட்டிவிடுகிறார்கள். நாற்பது வருடம் நடித்த பெண்ணிடம் அவருடைய வேலையைப் பற்றிக் கேட்க ஒரு கேள்விகூட இல்லையா? முதல் நாடகம் எது, யாரிடம் ஒத்திகை, முதல் படத்துக்கு என்ன சம்பளம், எந்த வயதில் முதல் அம்மா வேடம், அதை ஏன் ஒப்புக்கொண்டார், கிழவியாக நடக்க யாரைப் பார்த்துப் பழகினார், வட்டாரப் பேச்சு எப்படி வந்தது, அழுகைக் காட்சிக்குக் கிளிசரின் போட்டாரா போடவில்லையா, எந்தப் படத்தில் தன் குரல் மாற்றப்பட்டது. இதையெல்லாம் பொறுமையாக, ஒரே நாளில் முடிக்காமல், அவர் களைத்தால் மறுநாள் போய்க் கேளுங்கள். பழைய படங்களின் காட்சிகளை ஒரு கைக்கணினியில் போட்டுக் காட்டிக் கேட்டால் நினைவு தானாக வரும். கூட நிற்கிறவர்களையும் அவர்களே அடையாளம் காட்டுவார்கள். அப்படி ஒருவரைக் கேட்டால் பத்துப் பேருக்குப் பெயர் கிடைக்கும்.

தொடர்களுக்கு வேறு வழி வேண்டும். சின்னத்திரைக் கலைஞர்களுக்குத் தனிச் சங்கம் இருக்கிறது, அவர்களோடு சேர்ந்து உட்காருங்கள். தயாரிப்பு நிறுவனங்களிடம் கால்ஷீட் கணக்கும் சம்பளப் பட்டுவாடாக் கணக்கும் இருக்கும். எந்த நடிகை எந்தத் தொடரில் எந்த வேடத்தில் எத்தனை நாள் நடித்தார் என்பது அதில் தெளிவாக இருக்கும். நிறுவனம் மூடினால் அந்த நோட்டுகள் பழைய பேப்பர் கடைக்குப் போகும். அதற்கு முன்னால் கேட்டு வாங்குங்கள். ரசிகன் கேட்டால் யாரும் தர மாட்டார்கள், சங்கம் கேட்டால் தருவார்கள்.

இதில் வெறும் வரலாற்று ஆசை மட்டும் இல்லை. ஒரு மூத்த நடிகை உதவித்தொகைக்கோ விருதுக்கோ விண்ணப்பிக்கும்போது, "எத்தனை படம் நடித்தீர்கள், ஆதாரம் என்ன?" என்று யாராவது கேட்டால் எதை நீட்டுவார்? கதாநாயகிக்கு ஆல்பம் இருக்கும், பத்திரிகை அட்டைப்படம் இருக்கும். அம்மா வேடக்காரரிடம் இரண்டு ஷீல்டும் ஒரு மங்கிய குழுப் படமும் இருந்தால் அதிகம். தன் உழைப்பை நிரூபிக்க வேண்டிய நிலையில் அவரை விடுவதே தப்பு. அவருடைய பணிப் பட்டியல் சங்கத்திலேயே இருந்தால், கையெழுத்துப் போட்டு ஒரு தாளாகக் கொடுத்துவிடலாம்.

அபிபுல்லா சாலையில் 2017இல் அடிக்கல் நாட்டிய உங்கள் புதிய கட்டடத்தில் பெரிய அரங்கமும் கல்யாண மண்டபமும் வரும் என்று சொல்லியிருந்தீர்கள். வரட்டும், சங்கத்துக்கு வருமானம் வேண்டும். அதிலேயே ஒரு சின்ன அறையை இதற்கென்று ஒதுக்குங்கள். பதிவுகளும் பட்டியல்களும் அங்கே இருக்கட்டும், படிக்க வருகிற மாணவரும் நடிக்க வருகிற பெண்ணும் வந்து கேட்டுவிட்டுப் போகட்டும். அந்த அறைக்கு எஸ்.என். லட்சுமி என்று பெயர் வைத்தால் எனக்குச் சந்தோஷம். வேறு பெயர் வைத்தாலும் எனக்கு வருத்தமில்லை, அறை திறந்திருந்தால் சரி.

எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் செய்ய வேண்டாம். அடுத்த செயற்குழுக் கூட்டத்தில் இதை ஒரு பொருளாக எடுத்து, வயதில் மூத்தவரிடமிருந்து தொடங்குவது என்று ஒரு தீர்மானம் போடுங்கள், பொறுப்பாக ஒருவரை நியமியுங்கள். வீடு வீடாகப் போகவும், பேசியதை எழுத்தாக்கவும், பெயர் அட்டைகளோடு ஒப்பிட்டுச் சரிபார்க்கவும் என்னைப் போன்றவர்கள் இருக்கிறோம். சம்பளம் வேண்டாம். நான் குறித்துவைத்திருக்கிற பட்டியல்களையும் அப்படியே உங்களிடம் கொடுத்துவிடுகிறேன். பதிலை எதிர்பார்க்கிறேன்.

இப்படிக்கு,
தமிழ்ப் படங்களையும் தொடர்களையும் விடாமல் பார்க்கும் ஒரு பார்வையாளன்